கத்தரிக்கோலால் வெட்டிய வாத்து

அத்தியாயம் 4

படகின் கயிற்றை அவிழ்ப்பதற்கு முன்பே மோக் சார் கண்களை இறுக மூடிக்கொண்டார்.

"சார், இன்னும் கரையிலதான் இருக்கோம்."

"கிளம்பினப்புறம் மூடினா லேட்டு, பிக்-கீ. வயிறு என்னை முந்திக்கும்."

மோக் டிங்-சாவ் முன்பு கோர்ட்டில் அமீனாவாக இருந்தவர். ஹாங்காங்கில் அவர் கடை பூட்டாத தெரு கிடையாது. அந்த வேலையை விட்டுவிட்டு இப்போது துப்பறிகிறார். எந்தக் கதவுக்கும் அஞ்சாத மனிதர், படகுக்கு மட்டும் அஞ்சுவார். அவருடைய ஒரே உதவியாளர் நான், யௌ பிக்-கீ. துப்பறியும் அலுவலகம் என்று சொல்லித்தான் என்னை வேலைக்குச் சேர்த்தார். இதுவரை நான் அதிகம் சுமந்தது அவருடைய குமட்டல் மாத்திரைகளைத்தான். அதையும் விழுங்க மாட்டார், தூக்கம் வந்துவிடுமாம்.

சியுங் சாவ் தீவில் இறங்கிக் கோயில் தெருவுக்குள் திரும்பியதும், லுக் அக்காவின் கடை எங்கே என்று மூக்கே சொல்லிவிட்டது. கீழே சுட்ட இறைச்சிக் கடை, பின்கட்டில் அடுப்பு, மாடியில் வீடு. கண்ணாடிக்குப் பின்னால் வாத்துகள் வரிசையாகத் தொங்கின. சட்டர் ஓரத்தில் கோர்ட் நோட்டீஸ் ஒட்டியிருந்தது. காலி செய்யாவிட்டால் திங்கட்கிழமை அமீனா வந்து பூட்டுவார் என்று அதில் இருந்தது.

லுக் சௌ-காம் அக்கா குள்ளமாக, உருண்டையாக இருந்தார். பேசிக்கொண்டே பெரிய வெட்டுக்கத்தியால் வாத்தை வெட்டினார். ஒவ்வொரு வெட்டுக்கும் நான் உட்கார்ந்திருந்த முக்காலி அதிர்ந்தது.

"நான் இல்லாமலே எனக்குத் தீர்ப்பு சொல்லிட்டாங்க மோக் சார். என் கல்யாணத்துக்குக்கூட என்னை ஒரு வார்த்தை கேட்டுத்தான் பண்ணாங்க."

"எக்ஸ்பார்ட்டின்னா அப்படித்தான் அக்கா," என்றேன். "ஒருத்தர் வரலைன்னா வந்தவர் சொல்றதைக் கேட்டுத் தீர்ப்பு."

"வரலைன்னா சரி. கூப்பிடவே இல்லைன்னா?"

விஷயம் இதுதான். ஔயுங் என்ற நகரத்துக்காரர் போன வருஷம் இந்தக் கட்டடத்தை வாங்கினார். சுற்றுலா வருகிறவர்களுக்கு அறைகள் கட்டி வாடகைக்கு விட ஆசை. அக்காவின் குத்தகை முடிய இன்னும் காலம் இருக்கிறது. அதனால், அனுமதி இல்லாமல் அடுப்பு கட்டிவிட்டாள், வெளியே அனுப்புங்கள் என்று வழக்குப் போட்டார். பழைய முதலாளி அடுப்புக்குக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்த அனுமதி அக்காவின் பீரோவில் பத்திரமாக இருக்கிறது. அதை நீதிபதி முன்னால் நீட்டினால் போதும். ஆனால் நீட்டச் சொல்லி யாரும் அக்காவைக் கூப்பிடவில்லை. சம்மன் அவர் கையிலேயே கொடுக்கப்பட்டது என்று ஒருவர் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்திருக்கிறார். அக்கா கோர்ட்டுக்கு வரவில்லை, நீதிபதி உத்தரவு போட்டுவிட்டார். அதை ரத்து செய்யச் சொல்லி அக்கா போட்ட மனு வெள்ளிக்கிழமை வருகிறது.

"என்னிக்குக் குடுத்தாங்களாம்?" என்று கேட்டார் மோக் சார்.

"பன் ரொட்டித் திருவிழா அன்னிக்கு. சாமி ஊர்வலம் நடக்கிற நேரத்துல, இந்தக் கடைக்குள்ளயே. அதுதான் சார் வயித்தெரிச்சல். திருவிழா முடியற வரைக்கும் நான் சட்டரையே தூக்கல. பாக் டாய் சாமிக்காகத் தீவே சைவம். அன்னிக்கு நான் வாத்தைத் தொங்கவிட்டா, ஊர்க்காரங்க பக்கத்துலயே என்னையும் தொங்கவிட்டுடுவாங்க. நான் கோயில் சமையக்கட்டுல காளான் கழுவிட்டிருந்தேன்."

"கூட யாரு?"

"என் சிநேகிதிங்க. அதுக்குத்தான் வக்கீல் தலையை ஆட்டறாரு. உங்களுக்காக அவங்க என்ன வேணா சொல்லுவாங்க, சம்மன் குடுத்தவரு சம்பந்தமே இல்லாத ஆளு, யாரை நம்புவாங்கன்னு கேக்கறாரு."

மோக் சார் சட்டரையே பார்த்தார். பழைய தொழில் விடாது. "இதுக்கு எத்தனை சாவி?"

"ஒண்ணு என் இடுப்புல. இன்னொண்ணு கட்டட முதலாளிகிட்ட. குழாய் உடைஞ்சா வேணும்னு வாங்கி வச்சிருக்காரு."

திரும்பும் படகில் கண்ணை மூடியபடியே அவர் பேசினார். "நான் பூட்டப் போனா எல்லாரும் ஒரே பாட்டுதான் பாடுவாங்க. எனக்குத் தெரியவே தெரியாது சார்னு. முக்கால்வாசி பொய். ஆனா சில பேரு முகத்தைப் பாத்தா தெரியும், நெசமாவே தெரியாது. அந்த முகம் இந்த அம்மாவுக்கு இருக்கு."

"மாத்திரை வேணுமா சார்?"

"நான் உருக்கமா பேசிட்டிருக்கேன்."

"முகம் பச்சையா இருக்கு, அதான் கேட்டேன்."

சம்மன் கொடுத்தவர் பெயர் சிட் விங்-டாட். வக்கீல் ஆபீஸ்களுக்குச் சம்மன் கொண்டுபோய்க் கொடுப்பதே அவருக்குத் தொழில். படகுத்துறைக்குப் பின்னால் ஒரு பால் டீ கடையில், தினமும் அதே மூலை மேஜையில் உட்காருவார் என்று விசாரித்து வைத்திருந்தேன். நரைத்த தலை, இஸ்திரி போட்ட சட்டை, பாக்கெட்டில் ஒரே நிறத்தில் இரண்டு பேனா. இப்படிப்பட்ட ஆள் பொய் சொன்னால் அதையும் சுத்தமாக மடித்துத்தான் சொல்வார் என்று நினைத்துக்கொண்டேன்.

மோக் சார் தன் பழைய தொழிலைச் சொன்னதும் மனிதர் குளிர்ந்துவிட்டார்.

"நீங்க அமீனாவா? அப்ப உங்களுக்குப் புரியும். நான் கொண்டுபோன சம்மன் போய்ச் சேரலைன்னு யாரும் சொல்ல முடியாது. என்னைப் பாத்து ஓடினவங்க உண்டு, நாயை விட்டவங்க உண்டு, சவப்பெட்டிக் கடைக்குள்ள போய் ஒளிஞ்சவன் ஒருத்தன் உண்டு. எல்லார் கையிலயும் குடுத்துட்டுத்தான் வந்திருக்கேன்."

"சியுங் சாவ் தீவுல ஒரு வாத்துக் கடை, ஞாபகம் இருக்கா?" என்றேன்.

"எப்படி மறக்கும்? திருவிழாக் கூட்டம், படகுல மூச்சு விட முடியல. அன்னிக்குத்தான் போகணும்னு வக்கீல் ஆபீஸ்ல சொல்லிட்டாங்க, கட்சிக்காரர் அப்படிக் கேட்டாராம். போய்ப் பாத்தா சட்டர் பாதிதான் திறந்திருந்துது. குனிஞ்சு உள்ள போனதுல முதுகு பிடிச்சுக்கிச்சு. ஒரு அம்மா ஏப்ரன் கட்டிட்டு நின்னாங்க. லுக் சௌ-காம் நீங்கதானான்னு கேட்டேன். ஆமான்னாங்க. குடுத்தேன்."

"அவ்வளவுதானா?"

"நல்ல மனசு அந்த அம்மாவுக்கு. வெயில்ல வந்திருக்கீங்களேன்னு, தொங்கிட்டிருந்த வாத்தை இறக்கி எனக்கு ஒரு கால் வெட்டிக் குடுத்தாங்க. கொஞ்சம் உப்பு. ஆனா நல்ல வாத்து."

எனக்கு டீ புரை ஏறியது. சைவத் தீவில், திருவிழா அன்று, ஒரு வாத்துக்கால். மோக் சாரின் காலை மேஜைக்கு அடியில் மிதித்தேன். அவர் காலை நகர்த்திக்கொண்டார்.

"எதுல வெட்டினாங்க?"

இப்படியும் ஒரு கேள்வியா என்று எனக்குத் தோன்றியது. சிட் சார் மட்டும் யோசிக்காமல் பதில் சொன்னார்.

"கத்தரிக்கோல்ல. இப்பல்லாம் அதான் ஃபேஷன் போல. நீள நீளமா நகம் அவங்களுக்கு, நகத்துல குட்டிக் குட்டிப் பூ. அந்த நகத்தோட வெட்டுக்கத்தியை எங்க பிடிக்கறது?"

"அடையாள அட்டை பாத்தீங்களா?"

சிட் சார் கொஞ்சம் விறைத்துக்கொண்டார். "வாத்துக் கடைக்குள்ள, ஏப்ரன் கட்டிட்டு, வாத்துக்குப் பக்கத்துல நிக்கறாங்க. அதுக்கு மேல என்ன சார் அடையாளம்?"

வெளியே வந்ததும் நான் நடக்கவில்லை, மிதந்தேன்.

"கேஸ் முடிஞ்சுது சார். மனுஷன் தீவுக்கே போகல. இந்த மூலை மேஜையில உக்காந்து எழுதிட்டாரு. வாத்துக் கடையாச்சே, ஒரு வாத்தைச் சேத்துப்போம்னு சேத்துட்டாரு. அன்னிக்குத் தீவே சைவம்னு அவருக்குத் தெரியல. வெள்ளிக்கிழமை கூண்டுல ஏத்தி அந்த வாத்தை மட்டும் கேட்டா போதும்."

"அவர் பொய் சொல்லல."

"உங்களுக்கு இன்னும் படகு ஆடுதா சார்?"

"யோசிச்சுப் பாரு, பிக்-கீ. உன்னை ஒரு வாத்துக் கடைக்காரியைப் பத்திப் பொய்யா எழுதச் சொன்னா, அவ கையில என்ன குடுப்ப?"

"வெட்டுக்கத்தி."

"நானும் அதான் குடுப்பேன். பொய் சொல்றவனுக்கு யாருக்குமே கத்தரிக்கோல் தோணாது. நகத்துல பூ தோணவே தோணாது. கண்ணால பாத்தவனுக்குத்தான் இந்தக் கண்றாவியெல்லாம் தெரியும்."

நான் மிதப்பதை நிறுத்தினேன். "அப்ப லுக் அக்கா பொய் சொல்றாங்களா?"

"அவங்க நகத்தை நீ பாத்தியா?"

பார்த்திருந்தேன். வெட்டுக்கத்தி பிடித்து ஒட்டத் தேய்ந்த நகங்கள். பூ வரைய அங்கே இடமில்லை.

"நாளைக்கு சிட் சாரைத் தீவுக்கு வாத்து சாப்பிடக் கூட்டிட்டு வா," என்றார் மோக் சார். "எதுக்குன்னு சொல்லாத. செலவு என்னுதுன்னு மட்டும் சொல்லு."

"எதுக்குன்னு நான் சொல்லவே வேணாம் சார். செலவு உங்களுதுன்னு சொன்னா நானே நம்பமாட்டேன், அவரே சந்தேகப்படுவாரு."

சந்தேகப்படாமல் வந்தார். படகில் மோக் சார் கண்ணை மூடிக்கொண்டிருக்க, சிட் சார் தான் கொடுத்த பெரிய சம்மன்களின் கதைகளை எனக்கு வழி முழுக்கச் சொன்னார். மனிதர் தொழிலை அவ்வளவு நேசித்தார். இன்னும் சிறிது நேரத்தில் அந்தப் பெருமை உடையப் போகிறதே என்று எனக்குக் கஷ்டமாகவே இருந்தது.

கடைக்குள் நுழைந்ததும் சுற்றிப் பார்த்துத் தலையாட்டினார். "இதே கடைதான். அன்னிக்கு ஒரே ஒரு வாத்துதான் தொங்கிச்சு. இன்னிக்கு யாவாரம் ஜோர் போல."

லுக் அக்கா வாத்து ஒன்றை இறக்கிப் பலகையில் போட்டு, இவரை யாரோ வாடிக்கையாளர் என்று நினைத்துச் சிரித்தார். "காலா, மார்பா அண்ணே?"

"கால் குடும்மா. ஆமா, உங்க முதலாளியம்மா எங்க?"

அக்காவின் கத்தி பாதி வழியில் நின்றது. அவர் என்னைப் பார்த்தார். நான் மோக் சாரைப் பார்த்தேன். மோக் சார் சுவரில் இருந்த விலைப்பட்டியலைப் படித்துக்கொண்டிருந்தார்.

"எந்த முதலாளியம்மா?" என்றார் அக்கா.

"லுக் சௌ-காம். உயரமா, கையில நகமெல்லாம்..."

"லுக் சௌ-காம் நான்தான்."

சிட் சார் சிரித்தார். யாரும் கூடச் சிரிக்காததால் நிறுத்தினார். அக்கா காலை வெட்டித் தட்டில் வைத்துவிட்டு, கையைத் துடைத்துக்கொண்டு அடையாள அட்டையை எடுத்து அவர் முன்னால் வைத்தார். அவர் அதைப் படித்தார், போட்டோவைப் பார்த்தார், அக்காவைப் பார்த்தார். போதாததற்கு, பக்கத்து மேஜையில் உட்கார்ந்திருந்த மீனவர் ஒருவர், "என்ன சௌ-காம், பேரை மாத்திட்டியா?" என்று கேட்டார்.

மோக் சார் இப்போதுதான் வாயைத் திறந்தார். குரலில் கிண்டல் இல்லை.

"சிட் சார், திருவிழா அன்னிக்கு இந்தத் தீவுல யாரும் கறி தொட மாட்டாங்க. வாத்துக் கடைக்காரி சுத்தமா தொடமாட்டா. அன்னிக்கு இந்தக் கடை பூட்டியிருக்கும், தெருவே ஊர்வலத்துக்குப் போயிடும். அதனாலதான் உங்களை அன்னிக்குப் போகச் சொன்னாங்க. இன்னொரு சாவி வச்சிருக்கற ஆளு, பாக்க வாத்துக் கடை மாதிரி இருக்கணுமேன்னு நகரத்துலேர்ந்து ஒரு வாத்தை வாங்கிட்டு வந்து தொங்கவிட்டிருக்காரு. நம்பற மாதிரி இருக்கட்டும்னு தொங்கவிட்ட வாத்துதான் இப்ப அவரைக் காட்டிக் குடுக்குது."

"நான்..." சிட் சார் நிறுத்தினார். அவருடைய தட்டில் கால் அப்படியே இருந்தது. "நான் இந்த அம்மாவோட வீட்டைப் பிடுங்கிக் குடுத்திருக்கேனா?"

லுக் அக்கா தட்டை அவர் பக்கம் நகர்த்தினார். "சாப்பிடுங்க அண்ணே. ஆறிப்போகும். இதுல உப்பு சரியா இருக்கும்."

வெள்ளிக்கிழமை காலை, வான் சாய் கோர்ட் வராந்தா.

ஜெயிக்கப் போகிற வழக்கு என்றால் குடும்பத்தோடு வந்து வேடிக்கை பார்ப்பதில் சிலருக்கு ஒரு சுகம். ஔயுங் முதலாளியும் மனைவி, மச்சினி சகிதம் வந்திருந்தார். உத்தரவு உறுதியானதும் டிம் சம் சாப்பிட மேஜை சொல்லி வைத்திருப்பதாக அவர் போனில் யாரிடமோ சொன்னது எனக்கே கேட்டது. மச்சினி உயரமாக இருந்தாள். கைப்பையைப் பிடித்திருந்த விரல்களில் நகம் நீளம். இன்று பூவுக்குப் பதில் குட்டிக் குட்டி நட்சத்திரம்.

சிட் சாரைக் கீழே கான்டீனில் உட்கார வைத்திருந்தோம். மோக் சார் நேராகப் போய் மச்சினிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தார். எதிர்த்தரப்பு வக்கீல் ஓரடி தள்ளி நின்று கோப்பைப் புரட்டிக்கொண்டிருந்தார்.

"சிட் சார் ரொம்பக் குறைப்பட்டுக்கிட்டாரும்மா," என்றார் மோக் சார், பழகியவர் போல.

"யாரு?"

"சம்மன் கொண்டுவந்தாரே, வயசானவரு. வெயில்ல வந்தவருக்கு நீங்க ஆசையா வாத்து வெட்டிக் குடுத்திருக்கீங்க. அவரு என்னடான்னா பழைய வாத்து, ஒரே உப்புங்கறாரு."

மச்சினிக்கு முகம் சிவந்துவிட்டது. "பழைய வாத்தா? நகரத்துல, ஷாம் சுய் போ கடையில க்யூவுல நின்னு வாங்கினது. முழுக் காலையும் தின்னுட்டு, விரலையும் நக்கிட்டுப் போனாரு அந்த ஆளு. நன்றி கெட்ட..."

ஔயுங் முதலாளி போனைக் காதிலேயே வைத்திருந்தார். பேச்சு மட்டும் நின்றுவிட்டது. வக்கீல் மெதுவாகக் கோப்பை மூடினார்.

"சியுங் சாவ் கடையில வாத்து வெட்டிக் குடுத்தது நீங்களா?" என்று மச்சினியிடம் கேட்டார்.

அவள் தன் அக்காவைப் பார்த்தாள், அத்தானைப் பார்த்தாள், பிறகு தன் நகங்களைப் பார்த்தாள். அந்த நேரம் பார்த்து லிஃப்ட் கதவு திறந்து சிட் சார் வெளியே வந்தார். அவரைக் கூட்டிவரச் சொல்லி நான்தான் ஆள் அனுப்பியிருந்தேன், என் நேரக் கணக்கை மோக் சார் பிறகு பாராட்டவே இல்லை. சிட் சார் அவளைப் பார்த்ததும் நின்றார்.

"இவங்கதான்," என்றார்.

வக்கீல் முதலாளியின் தோளைத் தொட்டார். "வாங்க சார், அந்தப் பக்கமா போய்ப் பேசலாம்." அந்தக் குரலைக் கேட்டபோதே டிம் சம் மேஜை வேறு யாருக்கோ போய்விட்டது என்று தெரிந்துவிட்டது.

கோர்ட்டுக்குள்ளே எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்து, உத்தரவை ரத்து செய்வதில் தமக்கு ஆட்சேபம் இல்லை என்றார். நீதிபதி காரணம் கேட்டார். வக்கீல் இருமினார். அப்போது பின்வரிசையிலிருந்து சிட் சார் எழுந்தார். பழைய பிரமாணப் பத்திரம் தவறு என்று தானே புதிதாக ஒன்று எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொண்டுவந்திருந்தார்.

"தப்பான ஆள் கையில குடுத்துட்டேன் ஐயா. கடையைப் பாத்தேன், வாத்தைப் பாத்தேன், ஆளைப் பாக்கல. என் வேலையே ஆளைப் பாக்கறதுதான்."

உட்கார்ந்தபோது பாக்கெட்டில் இருந்த இரண்டு பேனாக்களையும் வெளியே எடுத்து மறுபடி உள்ளே வைத்தார். அவரைக் கிண்டல் செய்ய எனக்கு மனம் வரவில்லை.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "ஒரு பக்கம் சொன்னதை மட்டும் கேட்டு நான் உத்தரவு போட்டேன். இப்பப் பாத்தா அந்த ஒரு பக்கமே முழுசா சொல்லல போலிருக்கு." உத்தரவு ரத்து, அமீனா நடவடிக்கையும் ரத்து என்றார். சம்மனை வாங்கியது யார் என்பதைத் தனியாக விசாரிக்க வேண்டும் என்றும் சொன்னார். பிறகு லுக் அக்காவைப் பார்த்து, "நீங்க ஏதாவது சொல்லணுமா?" என்று கேட்டார்.

அக்கா ராத்திரி முழுக்க மனப்பாடம் செய்து வந்திருந்தார். அடுப்பு, அனுமதி, பழைய முதலாளி, எல்லாம். எழுந்து நின்றார். கண் கலங்கிவிட்டது.

"கேட்டீங்களே ஐயா. இன்னிக்கு அது போதும்."

உத்தரவு ரத்தானால் வழக்கு ஒழிந்தது என்று அர்த்தமில்லை, மறுபடி முதலிலிருந்து ஆரம்பிக்க வேண்டும். ஔயுங் முதலாளிக்கு வேறு வக்கீல் வந்தார். புது சம்மன் தயாரானது. அதைக் கொண்டுபோகத் தன்னையே அனுப்ப வேண்டும் என்று சிட் சார் அந்த வக்கீலின் வாசலில் போய் நின்றாராம்.

அவர் வரும் நாளை லுக் அக்கா எங்களுக்கும் சொல்லியிருந்தார். மோக் சார் கண்ணை மூடிக்கொண்டு படகேறினார். பீரோவில் இருந்த அனுமதி இப்போது கண்ணாடிச் சட்டம் போட்டுக் கடைச் சுவரில் தொங்கியது. சிட் சார் இஸ்திரி போட்ட சட்டையோடு, முழுதாகத் திறந்த சட்டருக்குக் கீழே குனியாமல் உள்ளே வந்தார். அக்காவுக்கு முன்னால் விறைப்பாக நின்றார்.

"லுக் சௌ-காம் நீங்கதானா?"

"நான்தான் அண்ணே." அக்கா தயாராக வைத்திருந்த அடையாள அட்டையை நீட்டினார்.

சிட் சார் அதை வாங்கி, முன்னும் பின்னும் நிதானமாகப் பார்த்து, திருப்பிக் கொடுத்தார். சம்மனை மட்டும் இன்னும் கொடுக்கவில்லை.

"கார்டு சரியாத்தான் இருக்கு," என்றார். "எதுக்கும் ஒரு வாத்தை வெட்டிக் காட்டுங்க."